இணைப்பில் ஒருவர்

ஜூன் 3, திங்கள்

இன்று முதல் நான் ஒளிபரப்பாகிறேன். பெரிய பெரிய மாநகரங்களுக்கெல்லாம் கிடைக்காத பாக்கியம் சத்தியமங்கலம் வடக்குப்பேட்டையில் ஒரு முட்டுச்சந்துக்குக் கிடைத்திருக்கிறது.

கூடத்து மூலையில், கூரையை ஒட்டி, கோழிமுட்டையைப் பாதியாக வெட்டி ஒட்டவைத்தது போல ஒரு கேமரா. மாட்டியவர் கோபியில் கடை வைத்திருக்கும் முபாரக். மாட்டச் சொன்னவள் கனடாவில், கால்கரியில் இருக்கும் என் அக்கா மகள் தாரணி. காரணம், சென்ற மாதம் புழக்கடையில் நான் மேற்கொண்ட ஒரு சிறு தரையிறக்கம். ஊரார் அதை வழுக்கி விழுந்ததாகக் கொச்சைப்படுத்துகிறார்கள்.

தாரணி கோவையில் ஒரு முதியோர் இல்லத்தில் அறையே பார்த்துவிட்டாள். ஃபோனில் நான் எழுப்பிய கர்ஜனையில் பவானிசாகர் அணையின் மதகுகள் தாமாகத் திறந்துகொண்டன என்று கேள்வி. கடைசியில் உடன்படிக்கை ஏற்பட்டது. கேமரா மாட்டிக்கொண்டால் இங்கேயே இருக்கலாம்.

"மறுபடி விழுந்தீங்கன்னா பேச்சே கிடையாது மாமா. நேரா கோயமுத்தூர்தான்."

"விழறதுக்கு நான் என்ன மாங்காயா கண்ணு?"

முபாரக் ஏணி மேல் நின்றபடி எனக்கு விஞ்ஞானம் போதித்தார். "இந்த ஒரே வயர்லயே கரண்டும் போகுதுங்கய்யா, படமும் வருது. படத்தை முழுசா அனுப்ப முடியாது. துண்டு துண்டா வெட்டி, ஒவ்வொண்ணு மேலயும் போய்ச் சேர வேண்டிய அட்ரஸை எழுதி உட்ரும். அங்க போயி ஒட்டிக்கும்."

"வழியில ஒரு துண்டு எறங்கிருச்சுன்னா?"

"படம் அப்படியே நின்னு போயிருமுங்க."

முப்பது வருடம் பேருந்து நிலையத்தில் டைம் கீப்பராக உட்கார்ந்து, மைக்கில் இந்த ஊரையே அனுப்பியும் வரவழைத்தும் வைத்திருந்தவனுக்கு இதெல்லாம் புதிதா? ரவுட்டர் என்பது பேருந்து நிலையம். படத்துண்டுகள் பயணிகள். கால்கரி கடைசி நிறுத்தம். புரிந்துவிட்டது.

டிவிக்குக் கீழே ஒரு கறுப்புப் பெட்டியும் வைத்தார். "அது சும்மா பதிவு பண்ணிட்டு இருக்குமுங்க. நீங்க அதைக் கண்டுக்க வேண்டாம்." நான் கண்டுகொள்ளவில்லை. தொட்டால் வெதுவெதுப்பாக இருந்ததால் கைக்குட்டைகளை அதன் மேல் காயப் போட்டேன்.

ஜூன் 4

என் ஃபோனில் முபாரக் ஒரு பக்கம் வைத்துக் கொடுத்திருக்கிறார். கேமராவின் உடல்நலக் குறிப்பு மாதிரி. அதன் கடைசி வரி: "இணைப்பில்: 1."

யார் அந்த ஒருவர்? ஆராய்ச்சியில் இறங்கினேன். பக்கத்தில் நேரலை என்று ஒரு பொத்தான். அழுத்தினேன். என் கூடம் தெரிந்தது. கூடத்தில் ஃபோனை முறைத்துக்கொண்டு ஒரு பாதி வழுக்கைத் தலையர். இப்போது இணைப்பில் இரண்டு. மூடினேன், ஒன்று. திறந்தேன், இரண்டு.

ஆக, நான் பார்த்தால் ஒன்று கூடுகிறது. நான் பார்க்காதபோதும் ஒன்று இருக்கிறது. எனவே அந்த ஒன்று நான் இல்லை. என்னை விட்டால் இந்தக் கேமராவைத் திறக்கும் உரிமை உலகத்தில் ஒரே ஒருத்திக்குத்தான் உண்டு.

தாரணி பார்த்துக்கொண்டிருக்கிறாள். காலையில் பார்த்தேன், ஒன்று. மத்தியானம், ஒன்று. பொழுது சாயும்போதும் ஒன்று. ஆபீஸ், வீடு, குழந்தை எல்லாவற்றுக்கும் நடுவில் மேசை மேல் என்னைத் திறந்தே வைத்திருக்கிறாள் போல.

கண் கலங்கியது வெங்காயத்தால். வெங்காயம் சமையலறையில் இருந்தது, நான் கூடத்தில் இருந்தேன், அது வேறு விஷயம்.

இன்னொரு வேடிக்கை. நான் கையைத் தூக்கினால் ஃபோனில் இருக்கும் ஆள் சற்று யோசித்துவிட்டுத்தான் தூக்குகிறான். துண்டுகள் போய்ச் சேர்ந்து ஒட்டிக்கொள்ள அவ்வளவு நேரம் பிடிக்கிறது. இந்த வீட்டில் என்னைவிட மெதுவாக ஒருவன் இருப்பது ஒரு தெம்பு.

ஜூன் 7

பார்வையாளர் இருக்கும்போது கலைஞன் சும்மா இருக்கக் கூடாது. கேமராவுக்குக் காதும் உண்டு என்று முபாரக் சொல்லியிருந்தார். ஆகவே அறிவிப்புச் சேவையை மீண்டும் தொடங்கிவிட்டேன்.

"பயணிகள் கவனத்திற்கு. சமையலறையிலிருந்து கூடம் வழியாக முன்வாசல் வரை செல்லும் நாச்சிமுத்து, இன்னும் சற்று நேரத்தில் புறப்படும். இடையில் எங்கும் நிற்காது."

என் குரல் பழைய குரல்தான். ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. தெருவில் போன இஸ்திரிக்காரர் வண்டியை நிறுத்தி, "புளியம்பட்டி நிக்குமுங்களா?" என்றார். நிற்காது என்று அறிவித்தேன்.

சாயங்காலம் ஒரு பெரிய நிகழ்ச்சி. கேமராவுக்கு நேரே நாற்காலி போட்டு, கண்ணாடி வைத்து, நாற்பது வருட மீசையை எடுத்துவிட்டேன். சாம்ராஜ்யங்கள் வீழ்ந்தபோதுகூட இத்தனை மயிர் தரையில் கொட்டியிருக்காது.

ஜூன் 9, ஞாயிறு

தாரணியின் ஞாயிற்றுக்கிழமை ஃபோன்.

"எப்படி இருக்கீங்க மாமா? கேமரா நல்லா ஓடுதா? நான் பாத்துட்டுதான் இருக்கேன்."

"தெரியும் கண்ணு."

"சாப்பாடெல்லாம் ஒழுங்கா சாப்படறீங்களா?"

"சாப்படறதைத்தான் பாக்கறயே."

"ம், ஆமா. சரி மாமா, வெச்சரட்டுமா? பாப்பாவை நீச்சலுக்குக் கூட்டிட்டுப் போகணும்."

மீசையைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. என் மனம் புண்படும் என்று தவிர்த்திருக்கிறாள். அந்தப் பண்பு என் அக்காவிடமிருந்து வந்தது.

ஜூன் 13

மத்தியானம் கரண்ட் போனது. பேட்டரியில் இருந்த ஃபோன், கேமராவைக் காணோம் என்று கைவிரித்தது. ஒன்று இல்லை. எதுவும் இல்லை.

ஒரு அறிவிப்பும் செய்யவில்லை. யாருக்குச் செய்வது? ரசத்தை மௌனமாகக் குடித்தேன். குடிக்கிற சத்தம் இவ்வளவு பெரிதாகக் கேட்கும் என்று இதுவரை தெரியாது.

கரண்ட் வந்தது. ரவுட்டர் கண் விழித்துச் சிமிட்டியது. நான் இலையை எடுத்துப் போட்டுவிட்டுத் திரும்புவதற்குள் "இணைப்பில்: 1." அப்போது கால்கரியில் நடுநிசி. அந்தப் பிள்ளை தூக்கத்திலிருந்து எழுந்து உட்கார்ந்து, மாமனைக் காணோமே என்று மறுபடி தேடிப் பிடித்திருக்கிறது. மூவேந்தருக்கும் இப்படி ஒரு மருமகள் வாய்த்திருக்க மாட்டாள்.

ஜூன் 16, ஞாயிறு

வெள்ளிக்கிழமையிலிருந்து சரிகைத் துண்டைத் தலைப்பாகையாகக் கட்டியபடி நடமாடினேன். ஃபோனில் தாரணி வானிலை பற்றிப் பேசினாள். அங்கே ஆலங்கட்டி மழையாம். பாத்துட்டுதான் இருக்கேன் மாமா, என்றாள். தலைப்பாகை பற்றி ஒன்றும் சொல்லவில்லை. சிரிப்பை அடக்கிக்கொண்டு பேசுகிறாள் என்று குரலிலேயே தெரிந்தது. அல்லது சளியாக இருக்கலாம்.

ஜூன் 18

மழை. இணைப்பில்: 1.

ஜூன் 22

கைத்தடிக்கு எல்லை வகுத்திருக்கிறேன். சமையலறை வாசலோடு அது நின்றுகொள்ள வேண்டும். அங்கிருந்து முன்வாசல் வரை கேமராவின் ராஜ்ஜியம். அந்தத் தூரத்தை நான் படை நடத்தும் தளபதி போலக் கடக்கிறேன். முன்வாசல் சேர்ந்ததும் கதவுக்குப் பின்னால், கேமராவின் கண் படாத இடத்தில், சுவரோடு சிறிது நேரம் ஆலோசனை. சுவர் நல்ல ஆலோசகர். சாய்ந்துகொள்ள விடுகிறது.

பக்கத்து வீட்டுப் பாப்பாத்தி காலையும் மாலையும் பால் ஊற்றுபவள். மாடும் அவளுடையது, வாயும் அவளுடையது. அவள் இன்று கேட்டாள்:

"ஏனுங்கண்ணா, கூடத்துல ஒரு நடை நடக்கறீங்க, வாசல்ல ஒரு நடை நடக்கறீங்க. ரெண்டு காலும் வேற வேற ஆளுதுங்களா?"

"கூடத்துல நடக்கறது காட்சி. வாசல்ல நடக்கறது ஒத்திகை."

"ஒத்திகையிலயே செவுத்தப் புடிக்கறீங்க" என்றாள். கலையை ரசிக்கத் தெரியாத ஜனங்கள்.

வலது கால் சில நேரம் கட்டளைக்கு உடனே கீழ்ப்படிவதில்லை. கேமராப் படம் மாதிரி கொஞ்சம் தாமதமாக வருகிறது. அவ்வளவுதான்.

ஜூன் 27, வியாழன்

இன்று தரையோடு ஒரு நெடிய பேச்சுவார்த்தை.

காலைப் பால் வந்து, காபி போட்டு, டம்ளரோடு படைநடை போட்டுக்கொண்டிருந்தேன். கூடத்தின் நடுவில் வலது கால் வேலைநிறுத்தம் அறிவித்தது. காபி ஒரு பக்கம் போனது, நான் ஒரு பக்கம் போனேன். மல்லாந்து கிடந்தேன். நேர் எதிரே, கூரை மூலையில் கேமரா. இடுப்பு, எழுந்திருக்கும் யோசனையை மூன்று முறையும் நிராகரித்தது. ஃபோன் சமையலறை மாடத்தில் சார்ஜில் இருந்தது.

பயப்படவில்லை. எதற்குப் பயம்? இணைப்பில் ஒருவர் இருக்கிறாரே. பார்ப்பாள், பதறுவாள், கூப்பிடுவாள், யாரையாவது அனுப்புவாள். கோவை அறை கண் முன் வந்து போனது. அது போகட்டும் என்றிருந்தது. கேமராவைப் பார்த்து, முறைப்படி அறிவித்தேன்.

"பயணிகள் கவனத்திற்கு. சமையலறையிலிருந்து முன்வாசல் செல்லும் வண்டி பழுதாகி நடுவழியில் நிற்கிறது. தயவுசெய்து மாற்று ஏற்பாடு செய்யவும்."

மாற்று ஏற்பாடு நடக்கவில்லை. ஜன்னலுக்கு வெளியே இஸ்திரி வண்டி போகும் சத்தம் கேட்டது. இன்னும் உரக்க அறிவித்தேன்.

"டெப்போவுக்குச் சொல்லி உடுங்க" என்று சிரித்துக்கொண்டே போனார்.

வெயில் ஜன்னலிலிருந்து இறங்கி, என் கால் மேல் ஏறி, நெஞ்சு வரை வந்து, சுவருக்குப் போனது. நடுவில் ஒருமுறை ஃபோன் அடித்தது. பார்த்துவிட்டாள். அடிக்கட்டும், எடுக்காவிட்டால் ஆள் அனுப்புவாள் என்று தலைமுடியைக் கையால் ஒதுக்கிக்கொண்டேன். ஃபோன் ஓய்ந்தது. யாரும் வரவில்லை.

மாலைப் பாலோடு பாப்பாத்தி வந்தாள். கூப்பிட்டுப் பார்த்துவிட்டு, புழக்கடை வழியாக உள்ளே ஓடி வந்தாள். அக்குளில் கை கொடுத்து, கட்டிலுக்குக் கொண்டு சேர்த்தாள். மாட்டுக்காரியின் கை, கிரேன் தோற்றது.

"காலையில இருந்தா இப்படிக் கெடக்கறீங்க? ஒரு சத்தம் போட்டிருந்தா ஓடியாந்திருக்க மாட்டனா?"

"சத்தம் போட்டனே."

"எங்க போட்டீங்க? பஸ்ஸுதான உட்டுட்டு இருந்தீங்க. கேட்டுட்டேதான் மாட்டுக்குத் தண்ணி காட்டுனேன்."

தாரணிக்குச் சொல்லப் போவதாக மிரட்டினாள். சொல்லாதே, அவளுக்குத் தெரியும் என்றேன். பாப்பாத்தி போன பிறகு ஃபோனை எடுத்துப் பார்த்தேன். அடித்தது கடன் வேண்டுமா என்று கேட்கும் கம்பெனி.

ஜூன் 28

இணைப்பில்: 1.

ஜூன் 30, ஞாயிறு

நானாக ஒன்றும் சொல்லவில்லை. அவளே கேட்கட்டும் என்றிருந்தேன். பாப்பாவுக்குப் பல் விழுந்ததைச் சொன்னாள். பிறகு சொன்னாள், "பாத்துட்டுதான் இருக்கேன் மாமா."

ஜூலை 1

விழுந்ததைப் பார்த்தால் கோவைக்கு அனுப்பிவிடுவாள் என்று இத்தனை நாள் பயந்தேன். பார்த்தாள். ஒரு பகல் முழுக்கப் பார்த்தாள். அனுப்பவும் இல்லை, கேட்கவும் இல்லை.

கோவையே தேவலாம்.

ஜூலை 2

சமையலறையிலேயே பாய் போட்டாகிவிட்டது. இங்கே கேமரா இல்லை. கைத்தடி மகிழ்ச்சியாக இருக்கிறது. பாப்பாத்தி, "என்னுங்கண்ணா, இன்னைக்கு ஒரு பஸ்ஸையும் காணோம்" என்றாள். பணிமனை மூடல் என்றேன்.

ஜூலை 4, வியாழன்

முபாரக்கை வரச் சொல்லியிருந்தேன். ஏணியோடு வந்தார்.

"கழட்டணுமுங்களா? என்னங்கய்யா, படம் சரியில்லீங்களா?"

"படம் பிரமாதம். பாக்கறவங்கதான் சரியில்லை."

புரியாமல் விழித்தார். ஃபோனைக் காட்டினேன். இந்த ஒன்று விடிய விடியப் பார்க்கும், மனிதன் விழுந்து கிடந்தாலும் பார்த்துக்கொண்டே இருக்கும், ஏன் என்று கேட்காது, இப்படிப்பட்ட ரசிகர் எனக்குத் தேவையில்லை என்று சற்று நீளமாகவே உரையாற்றிவிட்டேன்.

அவர் ஃபோனைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். ஏணியை மெதுவாகச் சுவரில் சாய்த்தார்.

"ஐயா, இந்த ஒண்ணு தாரணி அக்கா இல்லீங்க."

"பின்னே?"

டிவிக்குக் கீழே குனிந்து, காய்ந்துகொண்டிருந்த கைக்குட்டைகளை ஒவ்வொன்றாக எடுத்தார். "இதுங்க. பதிவு பண்ற பெட்டி. கேமராகிட்ட இருந்து படத்தை வாங்கி வாங்கி வெச்சுக்கறது இதுதான். ராத்திரி பகல் எந்நேரமும் சேந்தேதான் இருக்கும். கரண்ட் போயி வந்தாலும் தானாப் புடிச்சுக்கும். அக்கா அங்க தொறந்தாங்கன்னா ரெண்டுன்னு காட்டுமுங்க."

வேறெங்கோ பார்த்துக்கொண்டு கேட்டார். "ரெண்டுன்னு எப்பவாச்சும் பாத்திருக்கீங்களா?"

"நான் தொறந்தப்ப பாத்திருக்கறேன்."

முதலில் எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. அவள் பார்க்கவில்லை. நான் அப்படிக் கிடந்ததை அவள் பார்க்கவே இல்லை. பார்த்திருந்தால் பறந்து வந்திருப்பாள். என் பிள்ளை கல் நெஞ்சுக்காரி இல்லை. துள்ளிக் குதித்திருப்பேன், இடுப்பு அனுமதி தரவில்லை. முபாரக்குக்கு என் கையாலேயே காபி போட்டுக் கொடுத்தேன். கேமரா இருக்கட்டும் என்று சொல்லி அனுப்பினேன். போகும்போது அவர் கைக்குட்டைகளை மடித்து மேசை மேல் வைத்துவிட்டுப் போனார்.

அவர் போன பிறகுதான் மற்றது உறைத்தது. போன வியாழக்கிழமையைப் பார்க்கவில்லை என்றால் மீசையையும் பார்க்கவில்லை. தலைப்பாகையையும் பார்க்கவில்லை. அறிவிப்புகள் ஒன்றையும் கேட்கவில்லை. மாதம் முழுக்க நான் ஒரு பெட்டிக்கு ஆடிக் காட்டியிருக்கிறேன். அதன் மேல் துணி காயப்போட்டுக்கொண்டு.

ஜூலை 5

பெட்டியிடம் எனக்குக் கோபம் இல்லை. நான் சொன்ன எதற்கும் முகம் சுளிக்கவில்லை. இன்று அதைத் துடைத்து வைத்தேன்.

முபாரக் இன்னொன்றும் சொன்னார். பெட்டி ஒரு மாதம்தான் வைத்திருக்கும். பிறகு பழையதன் மேலேயே புதியதை எழுதிக்கொள்ளும். முதல் நாள் இப்போதே அழிந்திருக்கும். நான் வாயை மூடிக்கொண்டு இந்த மாதத்தைக் கடத்தினால், அந்த வியாழக்கிழமையும் அழிந்துவிடும். பாப்பாத்தியின் வாயைப் பூட்டுவது மட்டும் பாக்கி. சாட்சி இல்லை, வழக்கு இல்லை, கோவை இல்லை. சாகும்வரை இந்த வீடு என்னுடையது.

இதைவிட உத்தமமான திட்டம் எந்த ராஜதந்திரியும் தீட்டியதில்லை. சாயங்காலம் வரை சந்தோஷமாக இருந்தேன்.

பிறகு அடுத்த முறை யோசனைக்கு வந்தது. மாலைப் பாலுக்குப் பிறகு விழுந்தால்?

ஜூலை 7, ஞாயிறு

மீசையோடு நடந்த நாச்சிமுத்து இன்று பெட்டியிலிருந்து அழிகிறான். யாரும் பார்க்காமலேயே போகிறான், பாவம். நல்ல ஆள்.

ஃபோன் வந்தது. வழக்கம் போல ஆரம்பித்தாள்.

"மாமா, எப்படி இருக்கீங்க? நான் பாத்துட்டு..."

"கண்ணு, நான் விழுந்துட்டேன்."

நான் சொன்னதில் ஒரு துண்டு வழியில் இறங்கிவிட்டதோ என்று நினைத்தேன்.

"எப்ப மாமா?"

"போன வாரத்துக்கு முந்தின வியாழக்கெழமை. கூடத்துல. கேமராவுக்கு நேரா. பால்காரம்மா சாயங்காலம் வந்து தூக்குச்சு."

"சாயங்காலம்னா... எப்ப விழுந்தீங்க?"

"காலையில."

அழுதாள். அழுதுகொண்டே சொன்னாள். "கேமரா முன்னால யாராவது நடமாடினா ஃபோன்ல மணி அடிக்கும் மாமா. முதல் வாரம் அடிச்சுட்டே இருந்துச்சு. ஆபீஸ்ல, மீட்டிங்ல, தூக்கத்துல. இந்த மனுசன் உக்காரவே மாட்டாரான்னு சிரிச்சுட்டு அணைச்சு வெச்சேன். ராத்திரி சேத்துப் பாத்துக்கலாம்னு நெனச்சேன். பாக்கல. பாத்துட்டு இருக்கேன்னு சும்மா சொன்னேன்."

நான் நடந்தது அவளுக்காக. நடந்ததனாலேயே மணி அடித்தது. அடித்ததனாலேயே அணைத்தாள். இதை நான் வேறு எங்கே போய்ச் சொல்வேன்?

"நானும்தான் நல்லா நடக்கறேன்னு சும்மா சொன்னேன். ரெண்டும் நேராப் போச்சு. அழுவாத கண்ணு."

"மாமா, நான் என்ன பண்ணட்டும்?"

"அந்தப் பெட்டியில வியாழக்கெழமை இன்னும் இருக்குது. அழியறதுக்குள்ள பாத்துட்டுச் சொல்லு. கோயமுத்தூருன்னு சொன்னீன்னா கோயமுத்தூரு. சத்தம் போட மாட்டேன், அணையெல்லாம் தெறந்துக்கும்."

சிரிப்பும் அழுகையும் சேர்ந்து என்னவோ ஒரு சத்தம் வந்தது. பாத்துட்டுக் கூப்படறேன் மாமா, என்றாள். இந்த முறை குரல் வேறு மாதிரி இருந்தது.

ஜூலை 8, திங்கள்

காலைப் பால் வந்தது. இன்னும் ஃபோன் வரவில்லை. அவள் ஊரில் ஞாயிறு பொழுது சாய்ந்துகொண்டிருக்கும். சமையலறை வாசலில் நின்று, வேறு வேலை இல்லாததால், அந்தப் பக்கத்தைத் திறந்தேன்.

இணைப்பில்: 2.

நேரலைப் பொத்தானை நான் தொடவில்லை. கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடி பார்த்தேன். இரண்டு. ஒன்று பெட்டி. இன்னொன்று முபாரக்காக இருக்கலாம், வேலை செய்கிறதா என்று கடையிலிருந்து சோதித்துப் பார்க்கிறாரோ என்னவோ. ஃபோன் போட்டுக் கேட்டால் தெரிந்துவிடும். நான் கேட்கப் போவதில்லை.

தலை சீவினேன். முளைத்துக்கொண்டிருக்கும் மீசையை நீவிவிட்டேன். தொண்டையைச் செருமி, பயணிகள் கவனத்திற்கு என்று ஆரம்பிக்க வாயைத் திறந்தேன். வரவில்லை.

கைத்தடி வழக்கம் போல வாசல் நிலையில் சாய்ந்து நின்றது. அதை எடுத்துக்கொண்டேன். கேமரா வந்த பிறகு கூடத்துக்குள் அது வருவது இதுவே முதல் தடவை. ஒரு அடி, தடி, இன்னொரு அடி. நடுக்கூடத்தில், அன்று கிடந்த இடத்துக்குப் பக்கத்தில், மூச்சு வாங்கியது. நின்றேன். கதவுக்குப் பின்னால் போய் ஒளியவில்லை. அங்கேயே, அந்தக் கோழிமுட்டையின் கண்ணெதிரிலேயே, தடியை ஊன்றிக்கொண்டு நின்றேன்.

"மெதுவாத்தான் வருவேன் கண்ணு" என்றேன்.

முன்வாசல் போய்ச் சேரும்வரை ஃபோனை எடுத்துப் பார்க்கவில்லை. சேர்ந்த பிறகும் பார்க்கவில்லை.